தாத்திக் வைத்த அரசாணிக்காய்

அக்டோபர் பிறந்தால் ஆர்மீனியாவின் யெரெவான் சந்தையில் அரசாணிக்காய் குவிந்துவிடும். மருத்துவம் படிக்கப் போன புதிதில், ஈரோட்டுக்காரியான எனக்கு அந்த ஊரில் தெரிந்த முகம் அது ஒன்றுதான். வீட்டுக்காரம்மாவைத் ‘தாத்திக்’ என்று கூப்பிடுவேன். ஆர்மீனிய மொழியில் அப்படியென்றால் பாட்டி. எனக்குச் சிரிப்பு அடங்க ஒரு வாரம் ஆயிற்று.

இலையுதிர் காலத்தில் தொடங்கி, ஜனவரி 6இல் வரும் அவர்களுடைய கிறிஸ்துமஸ் வரை, விருந்தென்றால் கப்பமா உண்டு, அதாவது அரசாணிக்காய்க்குள் சோறு அடைத்துச் சுடுவது. இரண்டு கிலோ காயை எடுத்து, காம்போடு மேல்பகுதியை மூடிபோல அரிவார் தாத்திக். விதையையும் நாரையும் வழித்துவிட்டு உள்ளே வெண்ணெயும் தேனும் தடவுவார். ஒரு டம்ளர் அரிசியைப் பாதி வேக்காட்டில் வடித்து, கிஸ்மிஸ், உலர்ந்த பிளம், பாதாம், வால்நட், கொஞ்சம் பட்டைத்தூள் கலப்பார். உலர்ந்த ஆப்ரிகாட் மட்டும் கை நிறைய விழும். அந்தப் பழத்தின் தாவரவியல் பெயரே புரூனஸ் ஆர்மீனியாகா, பெருமை இருக்காதா?

முக்கால் பாகம் நிரப்பி, மேலே தேனும் உருக்கிய வெண்ணெயும் ஊற்றி, மூடியைப் பொருத்தி அவனில் 180 டிகிரியில் வைப்பார். ஒன்றரை மணி நேரமாவது ஆகும். தோலில் கத்தி வழுக்கிக்கொண்டு இறங்கினால் பதம். மேசைக்கு முழுசாக வந்த பிறகுதான் கீறுவார். தாமரைபோல விரியும், நடுவில் சோறு. வாசம் பிடித்துச் சொந்தபந்தமெல்லாம் வந்து சேருவதாக ‘ஹே ஜான் கப்பமா’ என்று ஒரு பாட்டே இருக்கிறது. அதைப் பாடாமல் அவர் கத்தியை எடுத்து நான் பார்த்ததில்லை.

ஊருக்கு வந்து நானே செய்தேன். சோற்றைக் குழைய வேகவைத்து, போதாததற்கு அரை டம்ளர் தண்ணீரும் விட்டேன். காயே நீர் விடும், அதில்தான் மீதி அரிசி வேக வேண்டும் என்பது மறந்துபோயிற்று. தட்டில் இறக்கியதும் பக்கவாட்டில் பிளந்து ஓடியது. அம்மா எட்டிப் பார்த்து, “பொங்கப் பானை உடைஞ்சாப்பல இருக்குதே கண்ணு” என்றாள்.

இப்போது அரிசி கடிபடும்போதே வடித்துவிடுகிறேன். தண்ணீர் இரண்டு கரண்டிதான். நீங்கள் செய்வதானால், கடைக்குப் போகும் முன் அவனின் உள்உயரத்தை அளந்துகொள்ளுங்கள். நான் அளக்காமல் வாங்கிய ஒன்று சாம்பாருக்குத்தான் போனது.