பெண் குரலில் பாடிய தாடிக்காரர்!

கண்ணை மூடிக்கொண்டு அந்தப் பாட்டைக் கேட்டால், பாடுவது ஒரு பெண் என்றே நினைப்பீர்கள். கண்ணைத் திறந்தால் திடுக்கிடுவீர்கள். அங்கே நிற்பவர் வாட்டசாட்டமான ஓர் ஆண். முகத்தில் தாடி வேறு!

அவர்தான் இங்கிலாந்துப் பாடகர் ஆல்பிரட் டெல்லர். பெண் குரலின் உயரத்தில் ஆண் பாடும் இந்தக் குரலுக்கு "கவுண்டர் டெனர்" என்று பெயர்.

மகரக்கட்டு

நம் நாட்டில் பாய்ஸ் கம்பெனி நாடகங்கள் நடந்தது பற்றிப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். சிறுவர்களே பெண் வேடம் போட்டுப் பாடுவார்கள். வயது வந்ததும் குரல் உடையும். இதை "மகரக்கட்டு" என்பார்கள். அது வந்துவிட்டால் பல பையன்களுக்குப் பாடும் வேடம் போய்விடும்.

பெரியவரான பிறகும் உச்சக் குரலில் பாடி மக்களை மயக்கியவர் செங்கோட்டை கிட்டப்பா. 1933-ம் ஆண்டில், 27 வயதிலேயே அவர் காலமாகிவிட்டார்.

டெல்லர் 1912-ம் ஆண்டு மார்கேட் என்ற கடற்கரை ஊரில் பிறந்தார். சிறு வயதில் தேவாலயத்தில் பாடினார். அவருக்கும் குரல் உடைந்தது. பேச்சுக் குரல் கனத்தது. ஆனால், பாடும்போது மேல் ஸ்தாயியை அவர் விடவே இல்லை.

எப்படி முடிகிறது?

நம் தொண்டையில் இரண்டு குரல் நாண்கள் இருக்கின்றன. மூச்சுக் காற்று பட்டு அவை அதிர்கின்றன. பேசும்போது நாண்கள் கனமாக அதிரும். அவற்றை இழுத்து மெல்லியதாக்கி, ஓரம் மட்டும் அதிரும்படி செய்தால் குரல் உயரும். வீணையில் மெல்லிய தந்தி உயர்ந்த நாதம் தருவதைப் போலத்தான் இதுவும். ஆனால், அதை இனிமையாக்க நீண்ட பயிற்சி வேண்டும்.

முன்பு இத்தாலியில், குரல் உடையாமல் இருப்பதற்காகச் சிறுவர்களின் ஆண்மையையே நீக்கிவிடும் கொடுமை இருந்தது. அப்படிப்பட்ட பாடகர்களில் கடைசியாகப் புகழ் பெற்ற மொரெஸ்கி 1922-ல் இறந்தார். டெல்லரின் குரல் அப்படி வந்தது அல்ல. அவர் மூன்று பிள்ளைகளின் தந்தை!

பண்ணை வேலை

டெல்லர் முதலில் மேஜை நாற்காலிக் கடையில் வேலை பார்த்தார். 1940-ல் காண்டர்பரி தேவாலயத்தில் பாடகர் ஆனார். அப்போது உலகப் போர். ஆயுதம் எடுக்க மனம் ஒப்பாததால் அவர் பண்ணையில் வேலை செய்தார்.

அந்த நாளில் மைக்கேல் டிப்பெட் என்ற இசை அமைப்பாளர் காண்டர்பரிக்கு வந்தார். டெல்லரைப் பாடச் சொல்லிக் கேட்டார். வியந்து போனார்!

ஹென்றி பர்செல் என்ற மேதை இங்கிலாந்தில் வாழ்ந்தவர். 1695-ல் மறைந்தவர். அவருடைய பாட்டுகள் பல இந்தக் குரலுக்கு ஏற்றவை. ஆனால், இந்தக் குரல் தேவாலயக் கூட்டுப் பாட்டோடு ஒதுங்கிவிட்டது. தனியாக மேடை ஏறிப் பாட ஆள் அரிது. "தேடிய குரல் கிடைத்தது" என்று டிப்பெட் மகிழ்ந்தார்.

1946 செப்டம்பர் 29-ந் தேதி பி.பி.சி. ரேடியோ ஒரு புதிய ஒலிபரப்பைத் தொடங்கியது. முதல் நாள் இரவே பர்செல் பாட்டைப் பாடினார், டெல்லர். மறு ஆண்டு லண்டன் செயிண்ட் பால் தேவாலயத்தில் இடம் கிடைத்தது. பிறகு சொந்தக் குழு அமைத்து, பழைய பாட்டுகளை இசைத்தட்டுகளில் பதித்தார்.

சறுக்கல்

1960-ல் பெஞ்சமின் பிரிட்டன் என்ற இசை மேதை, ஷேக்ஸ்பியர் நாடகம் ஒன்றை இசை நாடகமாக்கினார். தேவதைகளின் ராஜா வேடத்தை டெல்லருக்காகவே எழுதினார்.

டெல்லருக்கோ நடித்துப் பழக்கம் இல்லை. விமர்சகர்கள் குறை சொன்னார்கள். அடுத்த ஆண்டு லண்டனில் அந்த நாடகம் நடந்தபோது, வேடம் வேறொருவருக்குப் போய்விட்டது. தனக்காகவே எழுதிய வேடத்தில் இன்னொருவர்!

டெல்லர் பாட்டை நிறுத்தவில்லை. பிரிட்டனும் அவரை மறக்கவில்லை. 1966-ல் அந்த நாடகத்தை இசைத்தட்டில் பதித்தபோது, ராஜாவாகப் பாட டெல்லரையே அழைத்தார்.

1979-ல் இத்தாலியின் பொலோனா நகரில் டெல்லர் காலமானார். அவருடைய மகன் மார்க்கும் அதே குரலில் பாடியவர்தான்.

இன்று பல நாட்டு மேடைகளில் கவுண்டர் டெனர்கள் பாடுகிறார்கள். டெல்லர் பாடத் தொடங்கிய நாளில் அந்த மேடைகளில் இந்தக் குரலுக்கு இடமே இல்லை.