லயத்துக் காம்பராவும் மேற்பார்வையும்

தனிவாழ்வின்மீது பிறர் கண் படும்போது எழும் கூச்சத்தை உளவியலாளர் பெரும்பாலும் தனிமனிதனின் மனநிலையாகவே விளக்குவர். இவ்விளக்கம் நமக்குப் போதியதன்று. யார், யாரை, எவ்வுரிமையின் பேரிற் பார்க்கிறார் என்ற வினாவை அது எழுப்புவதில்லை.

ஜெரமி பெந்தாம் 1791இல் நூலாக வெளியிட்ட மேற்பார்வை மாளிகைத் திட்டம் இன்று சிறைச்சாலை வரைபடமாகவே நினைவுகூரப்படுகின்றது. மிஷேல் பூக்கோவின் 1975ஆம் ஆண்டு நூல் இந்நினைவை மேலும் வலுப்படுத்திற்று. ஆனால் அதன் மூலக்கருத்துச் சிறையிற் பிறந்ததன்று. பெந்தாமின் தம்பி சாமுவேல், ரஷியப் பிரபு பொத்தெம்கினின் பண்ணையில் தொழிலாளரை மேற்பார்வை செய்வதற்கென வகுத்ததே அது. உழைப்பைக் கண்காணிக்கும் தேவையே முந்தியது என்பது மனங்கொள்ளத்தக்கது.

இலங்கையின் மலையகத்தில் இத்தேவை தொழிற்களத்தோடு நின்றுவிடவில்லை. 'கங்காணி' என்ற சொல்லே கண்காணித்தலின் வழி வந்ததுதான். காலையிற் பிரட்டுக்களத்தில் ஆளெண்ணிய அதே அதிகாரம், வேலைக்கு வராதவனைத் தேடி லயத்து வாசலுக்கும் வந்தது. ஏறத்தாழ 10 அடிக்கு 12 அடி அளவான ஒரே காம்பராவிற் சமையல், உறக்கம், பிள்ளைப்பேறு, புதுமணத் தம்பதியரின் இரவு யாவும் நிகழவேண்டியிருந்தன. அடுத்த காம்பராவுக்குக் கேளாத பேச்சு அரிது. பீலியடியிற் குளிக்கும் பெண்ணுக்கோ மறைப்பென்று எதுவுமில்லை.

எனினும் அயலாரின் காதையும் துரையின் கண்ணையும் நாம் ஒன்றாகக் கருதலாகாது. அயலார் வம்பு பேசினர். குடித்துவிட்டு மனைவியை அடித்தவனைத் தடுக்க ஓடிவந்தவரும் அவர்களே. துரையின் பார்வைக்குப் பின்னாலோ சொத்துரிமை நின்றது. காம்பரா தோட்டத்தினது; வேலையிழந்தவன் அதனையும் இழக்கவேண்டியவனானான். எனவே வந்துபோன விருந்தினரும் தொழிற்சங்கப் பேச்சும் நிருவாகத்தின் விடயங்களாயின. கங்காணிக்குப் பட்ட கடனைக் குறித்த 'துண்டு', 1921இல் ஒழிக்கப்படும்வரை, வேறு தோட்டத்துக்குப் பெயர்ந்து செல்லும் வழியையும் அடைத்திருந்தது.

சி. வி. வேலுப்பிள்ளை முதலியோர் தொகுத்த மலையக நாட்டார் பாடல்களிற் கங்காணியும் துரையும் வசைக்குள்ளாவதை நமது விமரிசகர் கூலிப் பிரச்சினையாக மட்டுமே வாசித்தனர். இது நமது குறை. நகரத்து மத்தியதர வர்க்கத்தின் தாழிட்ட அறையையே தனிவாழ்வென எண்ணிப் பழகியதன் விளைவு அது.

1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் அவற்றின் நிருவாகம் கம்பனிகளிடம் சென்றது. பின்னர் 7 பேர்ச் காணியில் தனிவீடு பெற்றோர் உளர். லயங்களிலேயே வாழ்வோர் இன்றும் பலர். அவர்கள் குடியிருக்கும் காம்பராவுக்கான உறுதி அவர்கள் கையில் இல்லை.