"இன்றைக்கு ஆட்டம் எதில் வருகிறது?"
கனடா நாட்டு வீடுகளில் ஓயாத கேள்வி

கனடா நாட்டின் குளிர்காலம் மிகவும் கடுமையானது. ஏரிகள் உறைந்து பாறை போல் ஆகிவிடும். வீட்டு வாசலில் பனி மலை போல் குவிந்து கிடக்கும்.

அந்தக் குளிரிலும், சனிக்கிழமை மாலை வந்துவிட்டால் வீட்டுக்கு வீடு ஒரு கேள்வி எழும்.

"இன்றைக்கு ஆட்டம் எதில் வருகிறது?"

ஆட்டம் என்றால் அங்கே ஐஸ் ஆக்கிதான். நம் நாட்டில் ஆக்கி தரையில் ஆடப்படுகிறது. கனடாவில் அதைப் பனிக்கட்டி மேல் ஆடுகிறார்கள். காலணியின் அடியில் கத்தி போன்ற இரும்புத் தகடு இருக்கும். அதில் சறுக்கியபடியே வீரர்கள் பாய்ந்து செல்வார்கள். பந்துக்குப் பதில் கறுப்பு ரப்பர் வட்டு. ஓர் அணிக்கு ஆறு பேர் களத்தில் நிற்பார்கள்.

"ஆட்டம் எதில்?" என்ற கேள்விக்கு ஒரு காலத்தில் ஒரே பதில்தான் இருந்தது. இன்று அதற்குப் பல பதில்கள். சரியான பதிலைத் தேடிப் பிடிப்பதே ஒரு தனி வேலை ஆகிவிட்டது.

கண்ணாடிக் கூண்டு

1923–ம் ஆண்டு. டொராண்டோ நகரில் ஃபாஸ்டர் ஹெவிட் என்ற இளைஞர் இருந்தார். வயது 20. பத்திரிகை நிருபர். அவர் வேலை செய்த பத்திரிகை ஒரு ரேடியோ நிலையமும் நடத்தி வந்தது.

"ஆக்கி ஆட்டத்தைப் பார்த்து, நடப்பதை ரேடியோவில் சொல்" என்று அவரை அனுப்பினார்கள்.

களத்தின் ஓரத்தில் ஒரு சின்னஞ்சிறு கண்ணாடிக் கூண்டு. உள்ளே ஒரு தொலைபேசி. அதில் அவர் பேசப் பேச, அது ரேடியோவில் ஒலித்தது. ஆனால் அவருடைய மூச்சுக் காற்று பட்டுக் கண்ணாடி மங்கிவிட்டது. துடைப்பதும் பேசுவதுமாக ஒரு வழியாக ஆட்டத்தைச் சொல்லி முடித்தார்.

அன்று பலரும் இதை ஒரு வேடிக்கையாகவே நினைத்தார்கள். ஆனால் அந்தக் குரல் பின்னர் ஒரு நாட்டையே கட்டிப் போட்டது.

56 அடி உயரத்தில்

1931–ம் ஆண்டு நவம்பர் 12–ந்தேதி டொராண்டோவில் "மேப்பிள் லீஃப் கார்டன்ஸ்" என்ற பெரிய ஆக்கி அரங்கம் திறக்கப்பட்டது. கூரைக்கு அருகில் ஹெவிட்டுக்கு என்று ஒரு தனி இடம் அமைத்தார்கள். களத்திலிருந்து அதன் உயரம் 56 அடி. குறுகலான ஒரு பாதை வழியாகத்தான் அங்கே போக வேண்டும். ஆகாயக் கப்பலின் அடியில் தொங்கும் கூண்டைப் போல இருந்ததால் அதற்குக் "கொண்டோலா" என்று பெயர் வந்தது.

அங்கிருந்து பார்த்தால் களம் முழுவதும் உள்ளங்கை போலத் தெரியும். யார் வட்டைத் தள்ளுகிறார், யார் தடுக்கிறார் என்று ஹெவிட் ஒன்று விடாமல் சொன்னார்.

1933–ம் ஆண்டு முதல் அவர் குரல் நாடு முழுவதும் ஒலித்தது. கனடாவின் ஒரு கடற்கரைக்கும் மறு கடற்கரைக்கும் இடையே 5,000 கிலோமீட்டருக்கு மேல் தூரம் உண்டு. அத்தனை தூரத்தில் இருந்தவர்களும் ஒரே நேரத்தில் ஒரே ஆட்டத்தைக் கேட்டார்கள்.

கோதுமை வயல்களுக்கு நடுவே ஒற்றை வீட்டில் வாழும் விவசாயிக்கு அக்கம்பக்கம் என்று யாரும் இல்லை. சனிக்கிழமை இரவு ரேடியோவைத் திருப்பினால் போதும். நாடே தன்னோடு உட்கார்ந்திருப்பது போல அவருக்கு இருக்கும்.

நியூபவுண்ட்லாந்து தீவு 1949–ம் ஆண்டில்தான் கனடாவோடு சேர்ந்தது. அதற்கு முன்பே ஹெவிட் அந்தத் தீவின் நேயர்களுக்கும் பெயர் சொல்லி வணக்கம் கூறுவது வழக்கம்.

தூங்காத இரவு

1933–ம் ஆண்டு ஏப்ரல் 3–ந்தேதி டொராண்டோ அணியும் பாஸ்டன் அணியும் மோதின. 60 நிமிடம் முடிந்தும் கோல் இல்லை. கூடுதல் நேரம் கொடுத்தார்கள். அப்போதும் கோல் இல்லை. இப்படியே ஐந்து முறை கூடுதல் நேரம் முடிந்தது. ஆறாவது முறைதான் டொராண்டோ வீரர் கென் டோரட்டி கோல் போட்டார்.

அதற்குள் நள்ளிரவு தாண்டி மணி இரண்டை நெருங்கிவிட்டது. கூடுதலாக மட்டும் 104 நிமிடத்துக்கு மேல் ஆடி இருந்தார்கள். அத்தனை நேரமும் ஹெவிட் பேசிக்கொண்டே இருந்தார்.

டெலிவிஷன் வந்தது

1952–ம் ஆண்டு கனடாவில் டெலிவிஷனில் ஆக்கி வந்தது. முதல் ஆட்டம் அக்டோபர் 11–ந்தேதி மாண்ட்ரியல் நகரிலிருந்து காட்டப்பட்டது. அந்த நகர மக்களில் பெரும்பாலோர் பேசுவது பிரெஞ்சு மொழி. அதனால் பிரெஞ்சிலேயே ரெனே லெகாவலியே வர்ணனை செய்தார். மூன்று வாரம் கழித்து, நவம்பர் 1–ந்தேதி, டொராண்டோவிலிருந்து ஆங்கிலத்தில் ஹெவிட் பேசினார்.

அணி முதலாளிகளுக்கு ஒரு பயம் இருந்தது. வீட்டிலேயே ஆட்டம் தெரிந்தால், டிக்கெட் வாங்கிக்கொண்டு அரங்குக்கு யார் வருவார்கள்? ஆகவே முதலில் பல ஆண்டுகள் டெலிவிஷனில் முழு ஆட்டத்தையும் காட்டவில்லை. ஆட்டம் தொடங்கிப் பாதி வழியில்தான் படம் வரும்.

மக்கள் அதற்கும் சலிக்கவில்லை. கிடைத்த பாதியை ஆவலோடு பார்த்தார்கள்.

பள்ளிக்கூடத்தில் டெலிவிஷன்

1972–ம் ஆண்டு கனடாவுக்கும் சோவியத் ரஷியாவுக்கும் எட்டு ஆட்டங்கள் கொண்ட போட்டி நடந்தது. முதல் ஆட்டத்திலேயே 7–3 என்று ரஷியா வென்றது. கனடா மக்கள் திடுக்கிட்டார்கள்.

எட்டாவது ஆட்டம் செப்டம்பர் 28–ந்தேதி மாஸ்கோவில் நடந்தது. கனடாவில் அது வேலை நாள். அதுவும் பகல் நேரம். ஆட்டத்தைப் பார்க்கப் பள்ளிக்கூடங்களில் டெலிவிஷன் பெட்டிகளை வைத்தார்கள். பிள்ளைகளோடு ஆசிரியர்களும் உட்கார்ந்து பார்த்தார்கள்.

இரு அணிகளும் 5–5 என்று சமமாக இருந்தன. ஆட்டம் முடிய இன்னும் 34 வினாடிதான் பாக்கி. அப்போது பால் ஹெண்டர்சன் கோல் போட்டார். கனடா வென்றது. அந்தச் செய்தியை நாட்டுக்குச் சொன்னதும் அதே ஹெவிட்டின் குரல்தான்.

வட்டுக்குப் பெயர் டிக்கி

கனடாவுக்கு இந்தியாவிலிருந்து, முக்கியமாகப் பஞ்சாபிலிருந்து, ஏராளமானோர் குடியேறி இருக்கிறார்கள். அங்கே பிறந்த பேரப்பிள்ளைகள் ஆக்கி என்றால் உயிரை விடுவார்கள். ஆனால் ஆங்கிலம் தெரியாத பாட்டிக்கும் தாத்தாவுக்கும் வர்ணனை புரியாது.

2008–ம் ஆண்டு பஞ்சாபி மொழியில் ஆக்கி வர்ணனை தொடங்கியது. ஹர்நாராயண் சிங் என்பவர் அதில் முக்கியமானவர். அவர் வசித்தது கால்கரி நகரம். வர்ணனை செய்ய வேண்டிய இடம் டொராண்டோ. வார இறுதியில் விமானத்தில் போய் விமானத்தில் திரும்பினார்.

பஞ்சாபியில் ஆக்கிச் சொற்கள் கிடையாது. ரப்பர் வட்டுக்கு என்ன பெயர் சொல்வது? உருளைக்கிழங்கில் செய்யும் தட்டையான பலகாரத்துக்கு "டிக்கி" என்று பெயர். வட்டும் அதே வடிவம்தான். அதற்கும் "டிக்கி" என்றே பெயர் வைத்துவிட்டார்கள். பாட்டிமாருக்கும் உடனே புரிந்தது!

2016–ம் ஆண்டு மே மாதம் பிட்ஸ்பர்க் அணியின் நிக் போனினோ ஒரு கோல் போட்டார். ஹர்நாராயண் சிங் அவர் பெயரைத் திரும்பத் திரும்ப ராகம் போட்டுக் கூவினார். பஞ்சாபி தெரியாதவர்களும் அதைக் கேட்டு ரசித்தார்கள். பிட்ஸ்பர்க் அணி கோப்பை வென்றபோது, அந்த வர்ணனையாளர்களை வெற்றி விழாவுக்கே அழைத்தது.

2019–ம் ஆண்டு மார்ச் 24–ந்தேதி, கனடாவின் பழங்குடி மக்கள் பேசும் கிரீ மொழியிலும் ஓர் ஆட்டத்துக்கு வர்ணனை வந்தது.

தேடும் காலம்

இப்படி மொழிகள் பெருகின. அதே சமயம் கட்டணமும் பெருகியது.

2013–ம் ஆண்டு ஒரு தனியார் கம்பெனி, 12 ஆண்டுகளுக்கு நாடு முழுவதும் ஆட்டங்களைக் காட்டும் உரிமையை வாங்கியது. விலை 520 கோடி கனடா டாலர். 2025–ம் ஆண்டு அதே கம்பெனி மேலும் 12 ஆண்டுகளுக்கு 1,100 கோடி டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டது. போட்ட பணத்தை அது எடுக்க வேண்டாமா? சந்தா கட்டும் வீடுகளிலிருந்துதான் அதில் பெரும் பகுதி வர வேண்டும்.

2024–25–ம் ஆண்டுப் பருவத்தில் ஒவ்வோர் அணிக்கும் 82 ஆட்டங்கள். சனிக்கிழமை ஆட்டங்களில் சில, பொது நிறுவனமான சி.பி.சி. டெலிவிஷனில் இலவசமாக வந்தன. திங்கட்கிழமை ஆட்டங்கள் அமேசான் கம்பெனியின் இணையச் சேவைக்குப் போய்விட்டன. மற்ற பல ஆட்டங்கள் சந்தா கட்டும் சானல்களில் வந்தன.

இன்னொரு சிக்கலும் உண்டு. ஒவ்வோர் அணிக்கும் ஓர் எல்லை வகுத்திருக்கிறார்கள். வின்னிபெக் நகரில் பிறந்தவர் ஒருவர், வேலைக்காக டொராண்டோ போய்விட்டார் என்று வைத்துக்கொள்வோம். வின்னிபெக் அணியின் உள்ளூர் ஆட்டங்களை டொராண்டோவில் சாதாரண சானலில் பார்க்க முடியாது. திரையை மறைத்துவிடுவார்கள். அதற்குத் தனிச் சந்தா கட்ட வேண்டும். சொந்த ஊரைப் பிரிந்தவர்தான் அந்த ஆட்டத்துக்காக அதிகம் ஏங்குவார். கூடுதல் பணமும் அவர் தலையிலேயே விழுகிறது.

ரசிகர்கள் செய்யும் வழி

அனுபவப்பட்ட ரசிகர்கள் இதற்கு ஒரு முறை வைத்திருக்கிறார்கள்.

முதலில் அணி வெளியிடும் அட்டவணையைப் பார்ப்பார்கள். ஒவ்வோர் ஆட்டத்துக்கும் எதிரே சானலின் பெயர் இருக்கும். அடுத்து நேரத்தைக் கவனிப்பார்கள். டொராண்டோவில் இரவு 7 மணி என்றால் வான்கூவரில் மாலை 4 மணிதான். பிறகு, அது நாடு முழுவதும் வரும் ஆட்டமா, உள்ளூர் எல்லைக்குள் மட்டும் வரும் ஆட்டமா என்று பார்ப்பார்கள். எல்லாம் தெரிந்த பிறகே பணத்தைக் கட்டுவார்கள்.

எதுவும் கிடைக்காதவர்களுக்கு உள்ளூர் ரேடியோ இருக்கிறது. அதைக் கேட்கச் சந்தா வேண்டாம். இரவில் லாரி ஓட்டுகிறவருக்கும், கண் பார்வை இல்லாதவருக்கும், பணம் கட்ட வசதி இல்லாதவருக்கும் அதுவே துணை.

ஹெவிட் 1985–ம் ஆண்டு காலமானார். கண்ணாடிக் கூண்டில் அவர் தொடங்கிய வேலை நின்றுவிடவில்லை. அரங்கத்தில் சில ஆயிரம் பேருக்குத்தான் இடம் உண்டு. வெளியே இருக்கும் கோடிக்கணக்கான மக்களையும் உள்ளே அழைத்துக்கொண்டு போவது குரல்தான். அந்தக் குரல் ஏழைக்கும் எட்டும்வரைதான், ஐஸ் ஆக்கி கனடா மக்கள் எல்லோருக்கும் சொந்தமான ஆட்டமாக இருக்கும்.