உலக்கையோடு வீதிக்கு வந்த அன்னையர்

அக்கரைப்பற்றிலிருந்து பொத்துவில் நோக்கிச் செல்லும் பிரதான வீதி, கடலை ஒட்டியவாறே தமிழ்க் கிராமங்களையும் முஸ்லிம் ஊர்களையும் மாறி மாறித் தொட்டுச் செல்கின்றது. அவ்வீதியோரத்தில், திருக்கோவில் பிரதேச செயலகப் பிரிவில் அமைந்துள்ள கரையோரக் கிராமமே வினாயகபுரம். யுத்தத்தையும் ஆழிப்பேரலையையும் ஒரே தலைமுறைக்குள் கண்ட கிராமம் அது. உலக சமாதானம், ஆயுதக் களைவு என்பன ஜெனீவாவிலும் நியூயோர்க்கிலும் கோட்டு அணிந்தவர்கள் பேசும் பேச்சுக்கள் என்ற எண்ணம் எம்மில் பலரிடம் உண்டு. ஆயினும் அப்பேச்சுக்களின் உள்ளார்ந்த பொருளை வினாயகபுரத்துப் பெண்களும் கல்முனை, சாய்ந்தமருது, மருதமுனைப் பெண்களும் அறிந்த அளவுக்கு வேறு எவரும் அறிந்திருப்பார்களா என்பது சந்தேகமே.

இதற்கு இப்பிரதேசத்துக்கே உரிய காரணம் ஒன்று உண்டு. மட்டக்களப்பு, அம்பாறை கரையோரத்தில் தமிழரும் முஸ்லிம்களும் பொதுவாகப் பேணிவரும் வழமைகளுள் முக்கியமானது தாய்வழிக் குடிமுறையாகும். பிள்ளையின் குடி தாயின் குடியே. பெண்ணுக்கு மணமாகும்போது வீடும் வளவும் சீதனமாக அவள் பெயருக்கே எழுதப்படுகின்றன. மாப்பிள்ளைதான் பெண்வீட்டுக்கு வந்து சேருகின்றார். கோயிலிலும் பள்ளிவாசலிலும் வணங்கும் முறை வேறு என்றாலும் வீட்டின் உரிமையில் இரு சமூகமும் ஒரே வழியிலேயே நடந்து வந்துள்ளன. ஆகவே இக்கரையோரத்தில் ஒரு வீடு எரிக்கப்பட்டபோதெல்லாம் எரிந்தது ஒரு பெண்ணின் சொத்து. ஒரு குடும்பம் இடம்பெயர்ந்தபோதெல்லாம் ஒரு பெண் தன் தாயிடமிருந்து பெற்றதை இழந்தாள். யுத்தத்தின் கணக்கை எழுதியவர்கள் இவ்விடயத்தைப் பெரிதாகக் கவனத்திற் கொள்ளவில்லை.

1984ஆம் ஆண்டில் யாழ்ப்பாணத்தில் அன்னையர் முன்னணி தோன்றியது. நூற்றுக்கணக்கான இளைஞர்கள் படையினராற் கைது செய்யப்பட்டமையைக் கண்டித்துத் தாய்மார் ஆயிரக்கணக்கில் திரண்டு அரசாங்க அதிபரின் பணிமனைக்குச் சென்றனர். அதனைத் தொடர்ந்து கிழக்கிலும் அன்னையர் முன்னணி உருவாயிற்று. யாழ்ப்பாணத்து அன்னையர் அரச படையை எதிர்த்து வீதிக்கு வந்தார்கள். கிழக்கின் அன்னையரோ அதனினும் கடினமான ஒன்றையும் செய்தார்கள். 1986ஆம் ஆண்டில் விடுதலைப் புலிகள் இயக்கம் டெலோ இயக்கத்தினரைத் தேடித்தேடிக் கொன்றபோது, மட்டக்களப்பில் பெண்கள் நெல்லுக் குற்றும் உலக்கைகளை ஏந்திக்கொண்டு வீதிக்கு வந்து, கொல்லப்படவிருந்த இளைஞர்களுக்கு அரணாக நின்றார்கள்.

இச்சம்பவத்தை வாசகர்கள் சற்று ஆறுதலாகச் சிந்தித்துப் பார்த்தல் வேண்டும். எதிரே நின்றவர்களும் அப்பெண்களின் ஊர்ப் பிள்ளைகளே. இன்னாருடைய மகன், இன்ன தெருவைச் சேர்ந்தவன் என்று பெயர் சொல்லி அழைக்கக்கூடிய இளைஞர்கள். அவர்கள் கையில் தானியங்கித் துப்பாக்கி. இவர்கள் கையில் அடுக்களைப் புறத்துக் கருங்காலி உலக்கை. உலக்கையால் துப்பாக்கியை வெல்ல முடியாது என்பதை அப்பெண்கள் அறியாதவர்கள் அல்லர். எந்தக் கொடியின் கீழும் நில்லாமல், எவருடைய கட்டளையுமின்றி, துப்பாக்கி ஏந்தியவனை அவனுடைய தாய்க்குச் சமமான ஒருத்தி நேருக்கு நேர் பார்ப்பது என்பதே அங்கு நிகழ்ந்தது. ஆயுதக் களைவு பற்றி எழுதப்பட்ட தடித்த நூல்களில் இந்நிகழ்ச்சிக்கு ஓர் அடிக்குறிப்பேனும் கிடைத்திருக்குமா என்பது தெரியவில்லை. கிடைத்திருக்க வேண்டும்.

இரண்டு ஆண்டுகளின் பின்னர், மட்டக்களப்பு - அம்பாறை மாவட்டங்களின் அன்னையர் முன்னணியைச் சேர்ந்தவரும் பத்துப் பிள்ளைகளின் தாயுமான கணபதிப்பிள்ளை பூபதி, 1988 மார்ச் 19ஆம் திகதி மாமாங்கப் பிள்ளையார் ஆலய முன்றலில் உண்ணாவிரதத்தை ஆரம்பித்தார். உடனடியாக யுத்தநிறுத்தம் செய்யப்படல் வேண்டும், இந்திய அமைதி காக்கும் படை புலிகளுடன் பேச்சுவார்த்தை நடத்துதல் வேண்டும் என்பவையே அவரது கோரிக்கைகள். ஒரு மாதம் நீடித்த அவ்விரதம் ஏப்ரல் 19ஆம் திகதி அவரது மரணத்துடன் முடிவுற்றது. அவரது நினைவு பிற்காலத்தில் ஓர் இயக்கத்தின் நினைவு நாட்காட்டியில் இடம்பெற்றது. யுத்தநிறுத்தம் கோரி உயிர் துறந்தவரின் படத்துக்கு முன்னால் யுத்தத்துக்கு ஆட்சேர்க்கும் உரைகளும் நிகழ்த்தப்பட்டன. அவருடைய கோரிக்கையின் முதற் சொல் யுத்தநிறுத்தம் என்பதை நினைவிற் கொள்வோருக்கு இம்முரண் விளங்கும்.

பெண்கள் கட்டியெழுப்பிய இயக்கங்களை ஆண்கள் தம் தேவைக்கு எடுத்துக்கொள்வது வடகிழக்கின் தனியுரிமை அன்று. தெற்கில் ஜே.வி.பி. கிளர்ச்சி அடக்கப்பட்ட காலத்தில் காணாமற்போன ஆயிரக்கணக்கான சிங்கள இளைஞர்களின் தாய்மார் 1990 ஜூலையில் மாத்தறையில் அன்னையர் முன்னணி ஒன்றை அமைத்தார்கள். அதன் தலைவியாக விளங்கியவர், 1990 பெப்ரவரியில் கொல்லப்பட்ட ஊடகவியலாளர் ரிச்சர்ட் டி சொய்சாவின் தாயாரான வைத்தியர் மனோராணி சரவணமுத்து. ஒரு தமிழ்த் தாய் பல்லாயிரம் சிங்களத் தாய்மாருக்குத் தலைமை தாங்கினார் என்பது எமது பாடநூல்களில் இடம்பெறாத வரலாறு. அம்முன்னணியை அமைப்பதில் அன்றைய எதிர்க்கட்சி அரசியல்வாதிகளான மங்கள சமரவீரவும் மஹிந்த ராஜபக்ஷவும் முன்னின்றனர். 1994இல் ஆட்சி மாறியது. முன்னணியின் குரலும் அதன்பின் தேய்ந்தது.

உலகின் பிற பாகங்களிலும் இதே கதையின் வேறு அத்தியாயங்கள் உள்ளன. முதலாம் உலக யுத்தம் மூண்டிருந்த 1915 ஏப்ரலில், பன்னிரண்டு நாடுகளைச் சேர்ந்த ஆயிரத்துக்கும் மேற்பட்ட பெண்கள் நெதர்லாந்தின் ஹேக் நகரிற் கூடி யுத்தத்தை நிறுத்துமாறு கோரினர். பிரித்தானியப் பெண்களிற் பெரும்பாலோரால் அங்கு போய்ச்சேர முடியவில்லை; கப்பற் போக்குவரத்து நிறுத்தப்பட்டிருந்தது. மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய அமெரிக்கரான ஜேன் அடம்ஸ் 1931இல் சமாதானத்துக்கான நோபல் பரிசைப் பெற்றார். அவர் வாழ்ந்த காலத்தில் அவரைத் துரோகி எனத் தூற்றியவர்களும் உளர்.

அணு ஆயுதப் பரிசோதனைகள் வானிலும் நிலத்திலும் நடத்தப்பட்ட காலத்தில், அமெரிக்காவின் சென்ட் லூயிஸ் நகரிற் சிறுவர்களின் விழுந்த பாற்பற்கள் இலட்சக்கணக்கிற் சேகரிக்கப்பட்டன. அணுக்குண்டின் கழிவாகிய ஸ்ட்ரோன்சியம்-90 புல்லில் படிந்து, பசுவின் பாலில் கலந்து, குழந்தையின் பல்லில் வந்து சேர்ந்திருப்பதை அப்பற்கள் காட்டின. தாய்மார் இதனை விளங்கிக்கொள்வதற்கு விஞ்ஞானப் பட்டம் தேவைப்படவில்லை. 1961 நவம்பர் முதலாம் திகதி அமெரிக்காவின் பல நகரங்களிற் பெண்கள் வேலைகளை விட்டு வீதிக்கு இறங்கினர். 1963இல் வானிலும் நீருக்கடியிலும் விண்வெளியிலும் அணுப் பரிசோதனை செய்வதைத் தடைசெய்யும் உடன்படிக்கை கைச்சாத்தானது. அதன் பின்னர், இங்கிலாந்தின் கிறீன்ஹாம் கொமன் விமானத்தளத்துக்கு வெளியே 1981இல் முகாமிட்ட பெண்கள், அங்கு வைக்கப்பட்டிருந்த ஏவுகணைகள் 1991இல் அகற்றப்பட்ட பின்னரும் 2000ஆம் ஆண்டு வரை அவ்விடத்தை விட்டு அகலவில்லை.

இலங்கைக்கும் இதில் ஒரு பங்குண்டு. உலகின் முதற் பெண் பிரதமரான சிறிமாவோ பண்டாரநாயக்க 1971 ஒக்டோபரில் ஐக்கிய நாடுகள் பொதுச்சபையில், இந்து சமுத்திரம் வல்லரசுகளின் போட்டியற்ற சமாதான வலயமாதல் வேண்டும் எனக் கோரினார். அவ்வருடம் டிசம்பர் 16ஆம் திகதி பொதுச்சபை அதனைத் தீர்மானமாக ஏற்றது. அதே வருடம் ஏப்ரலில் அவரது அரசாங்கம் சொந்த நாட்டு இளைஞர்களின் கிளர்ச்சியை இரத்தத்தில் அடக்கியிருந்தது என்பதையும் சேர்த்தே சொல்லுதல் வேண்டும். ஒரு பெண் ஆட்சிபீடத்தில் இருப்பதும் ஆட்சிபீடம் சமாதானத்தை நாடுவதும் ஒன்றல்ல.

மீண்டும் எமது கரையோரத்துக்கு வருவோம். 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிற் தொழுகையில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்டோர் சுட்டுக்கொல்லப்பட்டனர். ஏறாவூரிலும் முஸ்லிம்கள் கொல்லப்பட்டனர். அதே மாதத்தில் வீரமுனையிற் கோயிலிற் தஞ்சமடைந்திருந்த தமிழர்கள் கொல்லப்பட்டனர். இரு சமூகத்தையும் இணைத்த பாதைகள் அத்துடன் அடைபட்டன. மருதமுனைக் கைத்தறிப் புடவை தமிழ்க் கிராமத்துக்கு வருவதும், தமிழ்ப் பெண்கள் முஸ்லிம்களின் வயலில் அறுவடைக்குச் செல்வதும் அச்சத்துக்குரிய காரியங்களாயின. இந்த இருளிலும் பெண்களின் சிறு அமைப்புக்கள் இயங்கின. மட்டக்களப்பில் சூரியா பெண்கள் அபிவிருத்தி நிலையமும் அக்கரைப்பற்றில் பாதிக்கப்பட்ட பெண்கள் அரங்கமும் தமிழ், முஸ்லிம் பெண்களுடன் ஒருசேரப் பணியாற்றின. முஸ்லிம் பெண்கள் ஆய்வுச் செயல் முன்னணியைக் கட்டியெழுப்பியவர்களுள் ஒருவரான ஜெஸீமா இஸ்மாயில், கொழும்பு முஸ்லிம் மகளிர் கல்லூரியின் அதிபராகவும் ஒலுவிலில் அமைந்த தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தின் வேந்தராகவும் விளங்கியவர்.

2000 ஒக்டோபர் 31ஆம் திகதி ஐ.நா. பாதுகாப்புச் சபை 1325ஆம் இலக்கத் தீர்மானத்தை நிறைவேற்றியது. சமாதானப் பேச்சுக்களிலும் ஆயுதக் களைவிலும் பெண்களுக்கு இடமளிக்கப்படல் வேண்டும் என்பதே அதன் சாரம். அதன் பின்னர் இலங்கையிற் சமாதானப் பேச்சுக்கான சூழ்நிலை உருவாயிற்று. இராணுவத்திற் பணியாற்றிய மகனை 1998இல் யுத்தகளத்திற் பறிகொடுத்த விசாகா தர்மதாச, ஏனைய சிங்களத் தாய்மாரையும் அழைத்துக்கொண்டு வன்னிக்குச் சென்று புலிகளைச் சந்தித்தார். அடையாளத் தகடு இன்றி எந்த வீரனும் களத்துக்கு அனுப்பப்படலாகாது என்பது அவரது விடாப்பிடியான கோரிக்கைகளுள் ஒன்று. இறந்த பிள்ளையின் உடல் பெயரோடு வீடு வந்து சேர்தல் வேண்டும் என்பது எந்த இனத்துத் தாய்க்கும் விளங்கும்.

பேச்சுவார்த்தையின் ஓர் அங்கமாகப் பெண்கள் விவகாரத்துக்கான உப குழு ஒன்று அமைக்கப்பட்டது. அரசாங்கத் தரப்பிற் கலாநிதி குமாரி ஜயவர்தனவும் புலிகள் தரப்பில் தமிழினியும் தலைமை தாங்க, நோர்வேயின் அஸ்ட்ரிட் ஹைபர்க் அனுசரணை வழங்கினார். 2003 மார்ச் மாத ஆரம்பத்தில் கிளிநொச்சியில் இக்குழு கூடியது. அக்காலத்தில் முஸ்லிம்களுக்குத் தனித்தரப்பு வேண்டும் என்ற கோரிக்கை கல்முனை முதல் மூதூர் வரை ஒலித்துக்கொண்டிருந்தது. பிரதான மேசையில் அது நிறைவேறவில்லை. ஆனால் இந்தச் சிறு மேசையில், அரசாங்கத் தரப்பு உறுப்பினராக, முஸ்லிம் பெண்களின் செயற்பாட்டாளரான பைசுன் சக்கரியா அமர்ந்திருந்தார். சிங்கள, தமிழ், முஸ்லிம் பெண்கள் இடம்பெயர்வையும் காணியையும் வன்முறையையும் ஒரே நிகழ்ச்சி நிரலிற் பேச முற்பட்டனர். ஏப்ரல் 21ஆம் திகதி புலிகள் பேச்சிலிருந்து தற்காலிகமாக விலகியபோது, பிரதான மேசையோடு இச்சிறு மேசையும் மடிக்கப்பட்டது. அதனைத் தனியே தொடர விட்டிருக்கலாம் அல்லவா என்று அன்று எவரும் உரக்கக் கேட்கவில்லை. தமிழினி யுத்தத்தின் பின் சிறையிலிருந்து மீண்டு, தன் ஆயுதப் பாதையை மறுபரிசீலனை செய்து எழுதி வைத்துவிட்டு 2015இல் காலமானார். அந்நூல் மறு வருடமே வெளிவந்தது.

2004 டிசம்பர் 26ஆம் திகதிய ஆழிப்பேரலையில் இலங்கையின் மாவட்டங்களுள் அதிக உயிர்களை இழந்தது அம்பாறையே. வீடுகளை மீளக் கட்டும்போது வேறொரு பிரச்சினை எழுந்தது. அரச படிவங்களில் "குடும்பத் தலைவர்" என்ற இடத்தில் ஆணின் பெயரே எழுதப்பட்டது. தாய்வழியாகப் பெண்ணுக்குரியதாக இருந்த வளவு கடலோடு போனது. புதிய வீட்டின் உறுதி கணவனின் பெயருக்கு வந்தது. கிழக்கின் பெண்கள் அமைப்புக்கள் இதனை எதிர்த்துக் குரல்கொடுத்தன. யுத்தத்திற் பறிபோகாத உரிமை நிவாரணத்திற் பறிபோகலாம் என்பதற்கு இதனைவிட வேறு சான்று தேவையில்லை.

யுத்தம் 2009இல் முடிவுற்றது. கண்ணிவெடித் தடை உடன்படிக்கையில் இலங்கை 2017 டிசம்பரில் இணைந்தது. வடக்கிற் கண்ணிவெடி அகற்றும் பணியில் யுத்தத்திற் கணவரை இழந்த பெண்கள் பலரும் மண்டியிட்டு மண்ணைக் கிளறி வந்துள்ளனர். அணு ஆயுதத் தடை உடன்படிக்கையில் 2023 செப்டெம்பரில் இலங்கை இணைந்தது. 1325ஆம் தீர்மானத்தை நடைமுறைப்படுத்தும் முதலாவது தேசிய செயற்றிட்டம், தீர்மானம் பிறந்து இருபத்திரண்டு வருடங்கள் கழிந்த பின்னரே, 2023-2027 காலத்துக்கென வந்தது. காகிதத்திற் கணக்குப் பார்த்தால் குறை சொல்வதற்கில்லை.

ஆனால் 2019 ஏப்ரல் 26ஆம் திகதி சாய்ந்தமருதில் ஒரு வீட்டினுள் வெடித்த குண்டுகளிற் பெண்களும் குழந்தைகளும் மாண்டனர் என்பதையும், அதன்பின் பல மாதங்கள் முஸ்லிம் பெண்கள் தம் உடையின் பொருட்டு வைத்தியசாலை வாசலிலும் பஸ் வண்டியிலும் அவமதிக்கப்பட்டனர் என்பதையும் இக்கரையோரம் மறந்துவிடவில்லை. ஆயுதம் எடுத்தவன் எவனோ. விலை செலுத்தியவள் சந்தைக்குச் சென்ற உம்மா. 2022இன் பொருளாதார நெருக்கடியின்போது மட்டக்களப்பு நகரிற் பெண்கள் நாள்தோறும் பதாகைகளை ஏந்தி அமைதியாக நடந்தார்கள். அவ்வரிசையிற் தமிழ்ப் பெண்களும் முஸ்லிம் பெண்களும் இருந்தனர்.

வினாயகபுரத்துக்கு அருகே திருக்கோவிலில், காணாமலாக்கப்பட்டோரின் உறவினர்கள் 2017ஆம் ஆண்டு முதல் பிள்ளைகளின் படங்களோடு வீதியோரத்தில் அமர்ந்தனர். 2018இல் காணாமற்போனோர் அலுவலகம் இயங்கத் தொடங்கியது, படிவங்கள் நிரப்பப்பட்டன. அப்படங்களைப் பிடித்திருந்த தாய்மாரிற் சிலர் விடை எதுவும் பெறாமலே காலமாகிவிட்டனர். அவர்களது படங்களை இப்போது மகள்மார் பிடித்திருக்கின்றார்கள்.