25 ஆண்டு வேலை, மாதம் 4,000 ரூபாய்: பி.எஃப். பென்ஷன் ஏன் இவ்வளவு குறைவு?

“அப்பாவுக்கு பி.எஃப். இருக்கு, பென்ஷனும் வரும். அப்புறம் என்ன கவலை?”

தனியார் நிறுவனத்தில் வேலை பார்க்கும் பெற்றோரைப் பற்றிப் பேச்சு வரும்போது பல வீடுகளில் கேட்கும் பதில் இது. ஆனால் அந்த பென்ஷன் மாதம் எவ்வளவு வரும் என்று கேட்டால் பிள்ளைகளுக்கும் தெரியாது, பல நேரம் பெற்றோருக்கும் தெரியாது. ஓய்வு பெற்று முதல் மாதத் தொகை வங்கிக் கணக்கில் விழும்போதுதான் தெரிகிறது. மாதம் 40,000 ரூபாய் சம்பளம் வாங்கியவருக்கு 3,500, 4,000 என்று வரும்போது, கணக்கில் ஏதோ தப்பு நடந்துவிட்டது என்று பி.எஃப். அலுவலகத்துக்கு ஓடுபவர்கள் உண்டு. பெரும்பாலும் தப்பு எதுவும் இருக்காது. திட்டத்தின் கணக்கே அப்படித்தான்.

தனியார் துறை ஓய்வூதியம் எப்படிக் கணக்கிடப்படுகிறது, எங்கே குறைகிறது, இப்போது வேலையில் இருப்பவர்கள் என்ன செய்யலாம் என்பதை எளிமையாகப் பார்க்கலாம்.

பி.எஃப். வேறு, பென்ஷன் வேறு

முதல் குழப்பம் இங்கேதான். சம்பளப் பட்டியலில் ‘பி.எஃப்.’ என்று ஒரே வரியாக இருப்பது உண்மையில் இரண்டு தனித்தனித் திட்டங்கள்.

ஊழியரின் அடிப்படைச் சம்பளம், அகவிலைப்படி இரண்டும் சேர்ந்த தொகையில் 12% பிடிக்கப்படுகிறது. அது முழுவதும் வருங்கால வைப்பு நிதிக்குப் போகிறது. அதற்கு ஆண்டுதோறும் வட்டி உண்டு. 2024-25 நிதியாண்டுக்கு 8.25%.

நிறுவனமும் தன் பங்காக 12% போடுகிறது. ஆனால் அதில் 8.33% ஊழியர் ஓய்வூதியத் திட்டத்துக்கு, அதாவது 1995 நவம்பர் 16-ல் தொடங்கிய இ.பி.எஸ்-95 திட்டத்துக்குத் திருப்பப்படுகிறது. மிச்சம் 3.67% மட்டுமே வைப்பு நிதியில் சேர்கிறது. மத்திய அரசு தன் பங்காக 1.16% ஓய்வூதியத் திட்டத்துக்குத் தருகிறது.

பி.எஃப். பாஸ்புக்கைத் திறந்து பார்த்தால், பென்ஷன் பத்தியில் மாதாமாதம் 1,250 என்ற எண் வருவதைப் பலர் கவனித்திருப்பார்கள். சம்பளம் 25,000 ஆனாலும் 80,000 ஆனாலும் அதே 1,250. அதற்கு வட்டியும் ஏறாது. காரணம், இது தனிநபர் சேமிப்பு அல்ல, எல்லோருக்குமான பொது நிதி. இதில் எவ்வளவு சேர்ந்தது என்பதை வைத்து பென்ஷன் முடிவாவதில்லை. அதற்குத் தனிச் சூத்திரம் இருக்கிறது.

சூத்திரம் என்ன?

பென்ஷனுக்குரிய சம்பளத்தை, பென்ஷனுக்குரிய சேவை ஆண்டுகளால் பெருக்கி, 70 ஆல் வகுக்க வேண்டும். அவ்வளவுதான்.

‘பென்ஷனுக்குரிய சம்பளம்’ என்பதில்தான் சிக்கல். அது கடைசி 60 மாதச் சம்பளத்தின் சராசரி. ஆனால் அதற்கு ஓர் உச்சவரம்பு உண்டு. 2001 ஜூன் முதல் 2014 ஆகஸ்ட் வரை 6,500 ரூபாய். 2014 செப்டம்பர் 1 முதல் 15,000 ரூபாய். இதற்கு மேல் எவ்வளவு சம்பளம் வாங்கினாலும் பென்ஷன் கணக்கில் அது சேராது.

ஓர் உதாரணம். ஒருவர் 2000 செப்டம்பரில் வேலைக்குச் சேர்ந்து 2025 ஆகஸ்டில் 58 வயதில் ஓய்வு பெறுகிறார் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 25 ஆண்டு சேவை. அவருடைய அடிப்படைச் சம்பளம் அந்தந்தக் காலத்து உச்சவரம்பைத் தாண்டியே இருந்தது.

• 2014 ஆகஸ்ட் வரையிலான 14 ஆண்டுகள்: 6,500 × 14 ÷ 70 = 1,300 ரூபாய்
• அதற்குப் பிந்தைய 11 ஆண்டுகள்: 15,000 × 11 ÷ 70 = சுமார் 2,357 ரூபாய்

கூட்டினால் 3,657. இருபது ஆண்டு சேவை முடித்தவர்களுக்குக் கணக்கில் 2 ஆண்டு கூடுதலாகச் சேர்க்கப்படும். அதையும் சேர்த்தால் மாதம் ஏறக்குறைய 4,000 ரூபாய்.

இன்றைய உச்சவரம்பின்படி 35 ஆண்டுகள் முழுதாக வேலை பார்த்தாலும் 15,000 × 35 ÷ 70 = 7,500 ரூபாய்தான். 1995-க்கு முன்பே வேலையில் சேர்ந்தவர்களுக்கு, அந்தப் பழைய ஆண்டுகளுக்குத் தனி அட்டவணைப்படி ஒரு சிறு தொகை மட்டும் கிடைக்கும்.

விலைவாசி ஏறினால் பென்ஷன் ஏறுமா?

ஏறாது. அரசு ஊழியர்களின் ஓய்வூதியத்தோடு அகவிலைப்படி சேர்ந்து உயரும். இ.பி.எஸ் பென்ஷனில் அந்த ஏற்பாடு இல்லை. முதல் மாதம் என்ன தொகையோ, பத்து வருடம் கழித்தும் அதே தொகை.

விலைவாசி ஆண்டுக்கு 6% வீதம் உயர்ந்தால், சுமார் 12 ஆண்டுகளில் பணத்தின் வாங்கும் சக்தி பாதியாகிவிடும். 58 வயதில் 4,000 ரூபாய் வாங்கத் தொடங்கியவர் 70 வயதில் கையில் வாங்குவதும் 4,000தான். ஆனால் அதை வைத்து, ஓய்வு பெற்ற நாளில் 2,000 ரூபாய்க்குக் கிடைத்த அளவு சாமான்தான் வாங்க முடியும். மருந்துச் செலவு கூடுகிற வயதும் அதுதான்.

குறைந்தபட்ச பென்ஷன் 2014 செப்டம்பரில் 1,000 ரூபாய் என்று நிர்ணயிக்கப்பட்டது. அதற்கு முன்பே, 2013-ல், பகத் சிங் கோஷியாரி தலைமையிலான மாநிலங்களவை மனுக்கள் குழு இதை 3,000 ரூபாயாக்கப் பரிந்துரைத்திருந்தது. நாடு முழுவதும் 70 லட்சத்துக்கும் அதிகமானோர் இந்தத் திட்டத்தில் பென்ஷன் பெறுகிறார்கள். குறைந்தபட்சத் தொகையை 7,500 ரூபாயாக்கி, அதோடு அகவிலைப்படியும் தர வேண்டும் என்பது ஓய்வூதியர் அமைப்புகளின் நீண்ட நாள் கோரிக்கை.

உண்மையான சம்பளத்தின் அடிப்படையில் கூடுதல் பென்ஷன் கேட்டு நடந்த வழக்கில் 2022 நவம்பர் 4-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பு வழங்கியது. 2014 செப்டம்பர் 1-ல் பணியில் இருந்த தகுதியுள்ள உறுப்பினர்கள் நிறுவனத்தோடு சேர்ந்து விருப்பம் தெரிவிக்க அதனால் வழி கிடைத்தது. ஆனால் அதற்கு, வைப்பு நிதியில் சேர்ந்த பணத்தில் ஒரு பெரும் பகுதியை ஓய்வூதிய நிதிக்கு மாற்றிக் கொடுக்க வேண்டும்.

அம்மாவுக்கு என்ன கிடைக்கும்?

பல குடும்பங்கள் கேட்க மறக்கும் கேள்வி இது. பென்ஷன் வாங்கும் கணவர் இறந்தால், மனைவிக்கு அந்தத் தொகையில் 50% கிடைக்கும். மேலே உள்ள உதாரணத்தில் மாதம் 2,000 ரூபாய். ஒருவர் போனால் வீட்டு வாடகையோ மின்கட்டணமோ பாதியாகக் குறைவதில்லை. வருமானம் மட்டும் பாதியாகிறது.

வீட்டு வேலை, தையல், சிறு கடை என்று வாழ்நாள் முழுக்க உழைத்த பெண்கள் பலருக்கு எந்த பி.எஃப். கணக்கும் கிடையாது. ஆதரவற்ற முதியோருக்குத் தமிழக அரசு வழங்கும் உதவித்தொகை 2023-ல் 1,000-லிருந்து 1,200 ரூபாயாக உயர்த்தப்பட்டது. 2015-ல் தொடங்கிய அடல் பென்ஷன் திட்டம் 60 வயதுக்குப் பிறகு மாதம் 1,000 முதல் 5,000 ரூபாய் வரை தரும். ஆனால் அதில் 18 முதல் 40 வயது வரை உள்ளவர்களே சேர முடியும். திட்டம் தொடங்கியபோது 40 வயதில் சேர்ந்தவருக்கு 60 வயது ஆவது 2035-ல்தான். இன்று அறுபதைத் தாண்டிய அம்மாக்களுக்கு அதில் இடமே இல்லை.

2021 கணக்கீட்டின்படி கேரளத்துக்கு அடுத்து முதியோர் விகிதம் அதிகமுள்ள மாநிலம் தமிழ்நாடு. இங்கே மக்கள்தொகையில் சுமார் 13.6% பேர் 60 வயதைக் கடந்தவர்கள். 2031-ல் இது 18 சதவீதத்தைத் தாண்டும் என்பது கணிப்பு.

மொத்தமாக வரும் பணம்தான் உண்மையான பென்ஷன்

மாத பென்ஷன் இவ்வளவுதான் என்றால், ஓய்வுக்காலத்தைத் தாங்கப்போவது வைப்பு நிதியிலும் பணிக்கொடையிலும் கிடைக்கும் மொத்தப் பணம்தான். அந்தப் பணம் வரும் நேரத்தில்தான் மகள் கல்யாணம், வீட்டுக் கடன், மகனின் தொழில் என எல்லாம் வரிசையில் நிற்கும். அப்பாவும் “எனக்கு என்னப்பா செலவு, நீங்க எடுத்துக்கோங்க” என்று சொல்லிவிடுவார். அந்தப் பேச்சை அப்படியே எடுத்துக்கொள்வதற்கு முன், கணக்கைப் பார்ப்பது நல்லது.

அஞ்சலகத்திலும் வங்கிகளிலும் உள்ள மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டத்தில் 30 லட்சம் ரூபாய் வரை போடலாம். 2023 ஏப்ரலில் அதன் வட்டி 8.2% ஆனது. அந்த விகிதத்தில் 15 லட்சம் போட்டால் மூன்று மாதத்துக்கு ஒருமுறை 30,750 ரூபாய், அதாவது மாதத்துக்கு 10,250 ரூபாய் வருகிறது. பணம் போடும் நாளில் உள்ள வட்டி ஐந்து ஆண்டுகளுக்கு மாறாது. பொதுவாக 60 வயது ஆனவர்களுக்கான திட்டம் என்றாலும், 55 வயதைக் கடந்து ஓய்வு பெற்றவர்கள், ஓய்வுப் பணம் கைக்கு வந்த மூன்று மாதத்துக்குள் சேரலாம். இந்த வாய்ப்பு தெரியாமலே பலர் அதைத் தவறவிடுகிறார்கள்.

மருத்துவச் செலவு இந்தப் பணத்தைக் கரைத்துவிடாமல் பார்ப்பதும் முக்கியம். 70 வயதைக் கடந்த அனைவருக்கும், வருமான வரம்பு இல்லாமல், ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரையிலான ஆயுஷ்மான் பாரத் காப்பீடு 2024 அக்டோபரில் விரிவாக்கப்பட்டது. அதற்குத் தனி அட்டை எடுக்க வேண்டும்.

வேலை மாறும்போது நடக்கும் தவறு

இது இளைஞர்களுக்கான பகுதி. ஐந்தாறு ஆண்டுகள் ஓர் இடத்தில் இருந்துவிட்டு வெளியேறும்போது, “கிடைக்கிறதை எடுத்துடலாம்” என்று 10-சி படிவம் போட்டு பென்ஷன் பணத்தையும் எடுத்துவிடுபவர்கள் அதிகம். ஐந்து ஆண்டு சேவைக்கு, 15,000 உச்சவரம்பில், சுமார் 75,000 முதல் 80,000 ரூபாய் கிடைக்கும். கட்டப்பட்ட தொகையும் கிட்டத்தட்ட அதுவேதான்.

ஆனால் எடுத்ததும் அந்த ஐந்து ஆண்டு சேவை அழிந்துவிடும். மாத பென்ஷன் பெற குறைந்தது 10 ஆண்டு சேவை வேண்டும். அடுத்த நிறுவனத்தில் எண்ணிக்கை மறுபடி பூஜ்ஜியத்திலிருந்து தொடங்கும். பணத்தை எடுக்காமல் புதிய நிறுவனத்துக்குக் கணக்கை மாற்றினாலோ, திட்டச் சான்றிதழ் வாங்கி வைத்தாலோ சேவை தொடரும்.

இன்னொரு விஷயம் பலருக்குத் தெரியாது. பணியில் இருக்கும்போது உறுப்பினர் இறந்தால், ஒரே ஒரு மாதச் சந்தா கட்டியிருந்தாலும் மனைவி அல்லது கணவருக்கும், 25 வயது வரை இரண்டு பிள்ளைகளுக்கும் பென்ஷன் உண்டு. அந்த வகையில் இந்தத் திட்டம் ஒரு குடும்பக் காப்பீடு.

அதேபோல, 2014 செப்டம்பருக்குப் பிறகு முதன்முறையாக வேலைக்குச் சேர்ந்து, சேரும்போதே அடிப்படைச் சம்பளம் 15,000-ஐத் தாண்டியிருந்தால், அவர் இ.பி.எஸ் உறுப்பினரே அல்ல. நிறுவனத்தின் 12% முழுவதும் வைப்பு நிதிக்கே போகும். அவருடைய முதுமைக்கு மாத பென்ஷன் எதுவும் காத்திருக்கவில்லை. தேசிய ஓய்வூதியத் திட்டமோ வேறு சேமிப்போ, அவரேதான் ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும்.

இந்த வாரமே வீட்டில் கேட்க வேண்டியவை

• வாரிசு நியமனம்: பெற்றோரின் பி.எஃப். கணக்கில் இ-நாமினேஷன் செய்யப்பட்டிருக்கிறதா? பெயர், பிறந்த தேதி ஆதாரோடு ஒத்துப்போகிறதா?

• பழைய வேலைகள்: முன்பு பார்த்த நிறுவனங்களின் பி.எஃப். கணக்குகள் இப்போதைய யு.ஏ.என். எண்ணோடு இணைக்கப்பட்டுள்ளனவா? எட்டு ஆண்டு, ஐந்து ஆண்டு என்று இரண்டாகப் பிரிந்து கிடக்கும் சேவையைச் சேர்த்தால்தான் 10 ஆண்டைத் தாண்டும்.

• எப்போது விண்ணப்பிப்பது: பென்ஷன் தானாக வராது, 10-டி படிவம் போட வேண்டும். 50 வயதுக்கு மேல் முன்கூட்டியே வாங்கினால் 58-க்குக் குறையும் ஒவ்வோர் ஆண்டுக்கும் 4% குறையும். அந்தக் குறைவு ஆயுள் முழுக்கத் தொடரும். மாறாக, 60 வயது வரை தள்ளிப்போட்டால் ஆண்டுக்கு 4% கூடும்.

• உயிர்ச்சான்று: ஏற்கெனவே பென்ஷன் வாங்குபவர்கள் ஆண்டுக்கு ஒருமுறை டிஜிட்டல் உயிர்ச்சான்று தர வேண்டும். எந்த மாதத்தில் தந்தாலும் அது 12 மாதம் செல்லும். தவறினால் பென்ஷன் நின்றுவிடும். செல்போன் செயலியிலேயே முகத்தைக் காட்டி இதை முடிக்கலாம்.

• அம்மாவின் பெயரில் என்ன இருக்கிறது: கூட்டு வங்கிக் கணக்கு, வைப்புத்தொகைகளில் வாரிசுப் பெயர், பென்ஷன் ஆணை எண் ஆகியவை அவருக்குத் தெரியுமா?

“காசு விஷயத்தை அப்பாகிட்ட எப்படிக் கேட்கிறது?” என்ற தயக்கம் இயல்புதான். ‘உங்க சொத்து எவ்வளவு’ என்று தொடங்கினால் பேச்சு தடம் மாறும். ‘உங்க பி.எஃப். பாஸ்புக்கை ஒருதடவை சேர்ந்து பார்க்கலாமா’ என்று கேட்டால் பெரும்பாலான அப்பாக்கள் மறுக்க மாட்டார்கள். ஓய்வுக்கு ஐந்து ஆண்டு இருக்கும்போது இந்தக் கணக்கைப் போட்டால் சேமிப்பைக் கூட்டலாம், கடனை முடிக்கலாம், விடுபட்ட சேவையைச் சேர்க்கலாம். ஓய்வு பெற்ற பிறகு போட்டால், வரும் தொகையை மட்டும்தான் தெரிந்துகொள்ள முடியும்.