தூக்கி வச்சுக்க ஒரு ஆள்

என் மகளுக்கு ஏழு மாதம் ஆனபோது ஒரு பெட்டி ஃபிளாஷ் கார்டு வாங்கினேன். மூளை வளர்ச்சிக்கு என்று பெட்டி மேலேயே போட்டிருந்தது. நான் கார்டைக் காட்டினால் அவள் என் மூக்கைப் பிடித்து இழுப்பாள். அப்போது கொஞ்சம் ஏமாற்றம்தான். ஹரோல்ட் ஸ்கீல்ஸ் பற்றிப் படித்த பிறகுதான், அவள் சரியான வேலையைத்தான் செய்திருக்கிறாள் என்று புரிந்தது.

ஸ்கீல்ஸ் அமெரிக்காவின் அயோவா மாநிலத்தில் வேலை பார்த்த உளவியலாளர். 1930-களில் டேவன்போர்ட் நகரத்து அனாதை இல்லத்துக் குழந்தைகளைப் பரிசோதிப்பது அவர் பொறுப்பு. அங்கே சாப்பாட்டுக்கும் சுத்தத்துக்கும் குறை இல்லை. ஆனால் கைக்குழந்தைகள் நாள் முழுக்க தொட்டிலிலேயே கிடந்தார்கள். தொட்டிலின் பக்கங்களைத் துணி மறைத்திருக்கும். பால் கொடுக்கவும் துணி மாற்றவும் மட்டும் நர்ஸ் வருவார்.

அங்கே 13 மாதத்திலும் 16 மாதத்திலும் இரண்டு பெண் குழந்தைகள். ஐக்யூ 46, 35. தத்துக் கொடுக்க முடியாது என்று முடிவு செய்து, மனவளர்ச்சி குன்றியவர்களுக்கான இல்லத்துக்கு அனுப்பிவிட்டார்கள். ஆறு மாதம் கழித்து ஸ்கீல்ஸ் அங்கே போனபோது, ஓடி விளையாடும் இரண்டு சுட்டிக் குழந்தைகளைப் பார்த்தார். அதே குழந்தைகள்தான்! மறுபடி சோதித்தால் 77, 87.

என்ன மருந்து? ஒன்றும் இல்லை. அந்த வார்டில் இருந்த பெண்களுக்கு மனவயது ஐந்திலிருந்து ஒன்பதுக்குள். அவர்கள் இந்தக் குழந்தைகளைப் போட்டி போட்டுக்கொண்டு தூக்கினார்கள், பேசினார்கள், விளையாட்டுக் காட்டினார்கள். குழந்தை சிரித்தால் பதிலுக்குச் சிரிக்க ஒரு முகம் இருந்தது. அவ்வளவுதான்.

பிறகு மூன்று வயதுக்குக் குறைந்த 13 குழந்தைகள் (இந்த இருவரும் சேர்த்து) இப்படி மாற்றப்பட்டார்கள். சராசரி ஐக்யூ 64-இல் இருந்து சுமார் 92 ஆனது. அனாதை இல்லத்திலேயே தங்கிவிட்ட 12 பேரின் பதிவுகளை ஸ்கீல்ஸ் பிற்பாடு எடுத்து ஒப்பிட்டார். அவர்களுக்கு 87-இல் இருந்து 60 சொச்சத்துக்கு இறங்கியிருந்தது. ஆரம்பத்தில் கெட்டிக்காரர்களாக இருந்தவர்கள் இவர்கள்தான் என்பதைக் கவனியுங்கள்.

1939-இல் இது வெளியானதும் எதிர்ப்பு கிளம்பியது. புத்தி பிறவியிலேயே அமைவது என்பதுதான் அன்றைய நம்பிக்கை. ஐக்யூ சோதனைக்குப் பேர்போன லூயிஸ் டெர்மனே அயோவா ஆய்வுகளைக் கடுமையாகத் தாக்கினார். உலகப் போரும் வந்தது. ஆய்வு அப்படியே நின்றுபோனது.

இருபது வருஷத்துக்கு மேல் கழித்து ஸ்கீல்ஸ் அவர்களைத் தேடிக் கண்டுபிடித்து, 1966-இல் முடிவை வெளியிட்டார். வார்டுக்குப் போன 13 பேரில் 11 பேர் தத்துப் போயிருந்தார்கள். 13 பேருமே சொந்தக் காலில் நின்றார்கள். மற்ற 12 பேரில் ஒருவர் இளவயதிலேயே இறந்திருந்தார், நான்கு பேர் இன்னமும் இல்லங்களில். ஆனால் அதே 12 பேரில் ஒரு பையன் மட்டும் தேறி, அச்சகத்தில் எழுத்துக் கோர்க்கும் வேலைக்குப் போயிருந்தான். காது சரியாகக் கேட்காததால் அவனைக் காதுகேளாதோர் பள்ளியில் சேர்த்திருந்தார்கள். அங்கே விடுதிக் காப்பாளர் அம்மா ஒருவர் அவன் மேல் தனிப் பிரியம் வைத்திருந்தார்.

இந்த ஆய்வில் ஓட்டைகள் உண்டு. மொத்தமே 25 குழந்தைகள், குலுக்கிப் போட்டுப் பிரிக்கவும் இல்லை. கைக்குழந்தையின் ஐக்யூ எண்ணும் அவ்வளவு உறுதியானது இல்லை. இன்னொன்று முக்கியம்: வெறுமையில் கிடந்த குழந்தைகள் மீண்டார்கள் என்றுதான் இது சொல்கிறது. நல்லா வளர்கிற குழந்தைக்கு மேலே மேலே திணித்தால் மேதை ஆகிவிடும் என்று சொல்லவில்லை. கார்டு விற்பவர்கள் இந்த இரண்டையும் ஒன்றாக்கிவிடுகிறார்கள்.

அந்த வார்டுப் பெண்களிடம் பாடத்திட்டம் கிடையாது. நேரமும் பிரியமும் இருந்தது. எங்கள் வீட்டுக் கார்டு பெட்டி இப்போது பரண் மேல். மூக்கு இன்னும் உபயோகத்தில்தான் இருக்கிறது.