துறைமுகக் கூலிக்கு யார் பொறுப்பு?

துறைமுகத்தில் சரக்கை ஏற்றி இறக்கும் தொழிலாளிக்கும் அவ்வேலையால் பயன்பெறும் நிறுவனத்திற்கும் இடையே, கப்பல் முகவர், சரக்குக் கையாளும் பொறுப்பை ஏற்கும் ‘ஸ்டீவடோர்’ நிறுவனம், அதனிடமிருந்து வேலையை எடுத்துச் செய்யும் ஒப்பந்தக்காரர், ஆள் சேர்க்கும் மேஸ்திரி எனப் பலர் நிற்கின்றனர். கூலி நின்றுபோகும்போது இவர்களில் ஒவ்வொருவரும் அடுத்தவரைக் கைகாட்டுவதே இத்தொழிலின் நெடுங்கால இடர்ப்பாடாகும். காரைக்குடி வட்டாரத்திலிருந்து தூத்துக்குடிக்கோ சென்னைக்கோ இவ்வேலைக்குச் செல்லும் எவரும், ஒப்பந்தக்காரர் கைவிட்டாலும் கூலிக்கான பொறுப்பு அவரோடு முடிந்துவிடுவதில்லை என்பதை முதலில் அறிந்திருக்க வேண்டும்.

மேஸ்திரி முறையிலிருந்து சட்டம் வரை

செட்டிநாட்டு நகரத்தார் பர்மாவில் வட்டித்தொழில் நடத்திய காலத்தில், இரங்கூன் துறைமுகத்தில் உழைத்த இந்தியத் தொழிலாளர்கள், அவர்களில் பெரும்பாலோரான தெலுங்கர் உட்பட, மேஸ்திரிகள் வழியாகவே வேலையும் கூலியும் பெற்றனர். 1930 மே மாதம் அங்கே கூலி உயர்வு கேட்டு அவர்கள் நடத்திய வேலைநிறுத்தத்தை முறிக்க முதலாளிகள் பர்மியரை வேலைக்கு அமர்த்தினர். பின்னர் உடன்பாடு ஏற்பட்டதும் பர்மியரை விலக்கியதால் மூண்ட கலவரத்தில் பல உயிர்கள் பறிபோயின. அக்காலத்தில் இந்தியத் தொழிலாளர் நிலையை ஆராய்ந்த விட்லி ஆணையம் 1931-இல் அறிக்கை அளித்தது. அதன் தொடர்ச்சியாகக் கூலியை உரிய நாளில் வழங்கக் கட்டாயப்படுத்தும் ஊதிய வழங்கல் சட்டம் 1936-இலும், அன்றாடம் வேலை தேடி நிற்கும் நிலையை மாற்ற முனைந்த துறைமுகத் தொழிலாளர் வேலை ஒழுங்குமுறைச் சட்டம் 1948-இலும் பிறந்தன.

1948-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் அமைந்த துறைமுகத் தொழிலாளர் வாரியங்கள் தொழிலாளரைப் பதிவு செய்து ஸ்டீவடோர்களுக்கு ஒதுக்கின. அப்படியானால் வேலையளிப்பவர் வாரியமா, ஸ்டீவடோரா என்ற கேள்வி விசாகப்பட்டினத் தொழிலாளரின் போனஸ் வழக்கில் எழுந்தபோது, தொழிலாளியைப் பெற்று வேலை வாங்கும் ஸ்டீவடோரே வேலையளிப்பவர் என்று உச்ச நீதிமன்றம் 1970-இல் தீர்ப்பளித்தது.

இன்றைய சட்டம் தரும் உரிமை

2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள ஊதியச் சட்டத் தொகுப்பு, 2019, பழைய 1936-ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தை எடுத்துக்கொண்டது. அதன்படி நாள்கூலியை அன்றைய வேலை முடியும்போதும், மாத ஊதியத்தை அடுத்த மாதம் 7-ஆம் நாளுக்குள்ளும், வேலையிலிருந்து நீக்கப்பட்டவர் அல்லது விலகியவரின் ஊதியத்தை 2 வேலைநாட்களுக்குள்ளும் வழங்க வேண்டும். பிடித்தங்கள் மொத்த ஊதியத்தில் 50 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. சரக்குச் சேதத்திற்குப் பணம் பிடிக்கும் முன் தொழிலாளியின் விளக்கத்தைக் கேட்க வேண்டும். வேலையில் சேருமுன் பயணச் செலவுக்குக் கொடுத்த முன்பணத்தைக் கூலியில் கழிக்கவே கூடாது.

பொறுப்பு யாருடையது என்பதை அத்தொகுப்பின் 43-ஆம் பிரிவு தெளிவாக்குகிறது. வேலையளிப்பவர் ஊதியத்தைத் தரத் தவறினால், தொழிலாளி வேலை செய்த நிறுவனத்தின் உரிமையாளரே அதற்குப் பொறுப்பாவார். பணிப் பாதுகாப்பு, உடல்நலம் மற்றும் பணிச்சூழல் சட்டத் தொகுப்பும், ஒப்பந்தக்காரர் தராத கூலியை முதன்மை வேலையளிப்பவர், அதாவது ஒப்பந்தக்காரர் வழியாகத் தம் வேலையைச் செய்வித்துக்கொள்ளும் நிறுவனத்தார், தந்துவிட்டுப் பின்னர் ஒப்பந்தக்காரரிடம் வசூலித்துக்கொள்ளுமாறு விதிக்கிறது. ஆனால் ஒப்பந்தத் தொழிலாளர் பற்றிய இந்த ஏற்பாடு 50 பேருக்குக் குறையாத இடங்களுக்கே பொருந்தும். ஒப்பந்தத் தொழிலாளருக்குத் தானாகவே நிரந்தர வேலை கிடைத்துவிடாது என்று துறைமுகத் தொழிலாளர் சங்கம் ஒன்று தொடர்புடைய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2001-இல் கூறியதைச் சிலர் கூலிப் பொறுப்பையே மறுக்கும் ஆயுதமாக்குவர். வேலை நிரந்தரம் என்பது ஒன்று, செய்த வேலைக்கான கூலி என்பது வேறொன்று. பின்னதை அத்தீர்ப்பு பறிக்கவில்லை.

கூலி வராதபோது செய்ய வேண்டியது

நிலுவை எழுந்த நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள், அரசு நியமித்த அதிகாரியிடம் தொழிலாளியோ அவரது சங்கமோ கோரிக்கை மனு அளிக்கலாம். பலர் சேர்ந்து ஒரே மனுவாகவும் தரலாம். ஊதியத்தைக் கொடுத்துவிட்டதாக நிறுவனம் சொன்னால், அதை மெய்ப்பிக்க வேண்டியதும் நிறுவனமே. அதிகாரி நிலுவையுடன் அதன் 10 மடங்கு வரை இழப்பீடும் விதிக்க இயலும்; உத்தரவுக்குப் பின்னும் பணம் வராவிட்டால் மாவட்ட ஆட்சியர் அதை நிலவரி நிலுவைபோல் வசூலிப்பார். சென்னை, எண்ணூர், தூத்துக்குடி ஆகியவை பெருந்துறைமுகங்கள் என்பதால் அங்கு எழும் கோரிக்கைகள் மத்திய அரசின் தொழிலாளர் அதிகாரிகளிடமும், காரைக்குடியின் மண்டிகளிலும் கிடங்குகளிலும் சுமை தூக்குவோரின் கோரிக்கைகள் மாநிலத் தொழிலாளர் துறையிடமும் செல்ல வேண்டும்.

எழுத்துச் சான்று இல்லாமல் வேலை செய்வதே இவ்வுரிமைகளை முடக்கும் பெரிய இடர். எனவே சம்பளச் சீட்டைக் கேட்டு வாங்குவதும், துறைமுக நுழைவுச் சீட்டு, வங்கிக் கணக்கில் வந்த தொகை, கைப்பேசிச் செய்திகள் ஆகியவற்றைப் பாதுகாப்பதும், நாள்தோறும் செய்த வேலையைக் கப்பலின் பெயரோடும் ஸ்டீவடோர் நிறுவனத்தின் பெயரோடும் குறித்துவைப்பதும் இன்றியமையாதவை. தொகை எழுதாத வெற்றுத்தாளில் கையெழுத்திடுவதைத் தவிர்க்க வேண்டும். வழக்கறிஞரை அமர்த்த வசதியற்றோர் சிவகங்கை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவையோ 15100 என்ற எண்ணையோ நாடலாம். மேஸ்திரியைத் தேடி அலைவதோடு நின்றுவிடாமல், வேலை வாங்கிய நிறுவனத்தின் பெயரையும் மனுவில் எதிர்த்தரப்பாகச் சேர்க்கும்போதே, உழைப்பின் பயனைப் பெற்றவரிடம் அதன் விலையைக் கேட்கச் சட்டம் தந்துள்ள வழி நடைமுறையில் திறக்கிறது.